ஆளுநர் எந்த அதிகாரத்தில் பேசுகிறார்? தூத்துக்குடி முதல் நீட் வரை

2023 ஏப்ரல் 6 அன்று சென்னை ஆளுநர் மாளிகையில் குடிமைப் பணித் தேர்வுக்குத் தயாராகும் மாணவர்களிடையே ஆளுநர் ஆர்.என். ரவி உரையாற்றினார். அந்த ஓர் உரையில் இரண்டு கருத்துகள் இடம்பெற்றன. தூத்துக்குடி ஸ்டெர்லைட் ஆலைக்கு எதிரான போராட்டத்தின் பின்னால் வெளிநாட்டுப் பணம் இருந்தது என்பது ஒன்று. சட்டமன்றம் இயற்றிய மசோதாவை ஆளுநர் நிறுத்தி வைத்தால் அது செத்துவிட்டது என்றே பொருள் என்பது மற்றொன்று. ஊடகங்கள் இவற்றைத் தனித்தனிச் சர்ச்சைகளாக விவாதித்தன. நாம் இவற்றைச் சேர்த்தே படிக்க வேண்டியுள்ளது. தெருவில் பேசும் மக்களின் குரலும், அவர்கள் தேர்ந்தெடுத்த அவையின் குரலும் ஒரே மேடையில் செல்லாதவை ஆக்கப்பட்டன.

முதலில் சட்ட நிலையைத் தெளிவுபடுத்திக் கொள்வோம். அரசமைப்புச் சட்டத்தின் 163-ஆவது உறுப்பின்படி, சட்டமே விருப்புரிமை அளித்துள்ள சில இனங்கள் நீங்கலாக, அமைச்சரவையின் அறிவுரைப்படியே ஆளுநர் செயல்பட வேண்டும். அரசமைப்பு அவையில் 1949-இல் இப்பதவி பற்றிய விவாதத்தின்போது, ஆளுநர் தாமாகச் செய்வதற்கென்று எப்பணியும் கிடையாது, அவருக்கு இருப்பவை கடமைகளே என்று அண்ணல் அம்பேத்கர் வேறுபடுத்திக் காட்டினார். அமைச்சரவையின் கொள்கைக்கு எதிராக ஆளுநர் பொதுமேடையில் பேசுவதற்கு அரசமைப்பில் இடம் ஒதுக்கப்படவில்லை. அதைத் தடுக்கும் வெளிப்படையான விதியும் இல்லை. இந்த வெற்றிடத்தில்தான் இந்த உரைகள் நிகழ்கின்றன. பதவியில் இருக்கும் வரை ஆளுநர் மீது குற்றவியல் நடவடிக்கை எடுக்க இயலாது என்று 361-ஆவது உறுப்பு கூறுகிறது. அவர் குற்றம் சாட்டும் மக்களுக்கு அத்தகைய காப்பு எதுவும் கிடையாது.

தூத்துக்குடிக்கு வருவோம். ஆலை விரிவாக்கத்தை எதிர்த்து 2018 பிப்ரவரியில் அ. குமரரெட்டியாபுரம் மக்கள் போராட்டத்தைத் தொடங்கினர். அதன் நூறாவது நாளான மே 22 அன்று மாவட்ட ஆட்சியர் அலுவலகம் நோக்கிச் சென்றவர்கள் மீது காவல்துறை சுட்டது. 13 பேர் கொல்லப்பட்டனர். நீதியரசர் அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை 2022 அக்டோபரில் சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. துப்பாக்கிச் சூட்டுக்கு உரிய காரணம் இல்லை என்று கண்ட அந்த ஆணையம், காவல் அதிகாரிகள் மீதும் அன்றைய ஆட்சியர் மீதும் நடவடிக்கை எடுக்கப் பரிந்துரைத்தது. ஆளுநர் உரையாற்றியபோது அந்த அறிக்கை வெளியாகி ஆறு மாதம்கூட ஆகவில்லை. இறந்தவர்களின் குடும்பங்கள் நடவடிக்கைக்காகக் காத்திருந்த நேரத்தில், பேச்சு பணத்தின் பக்கம் திருப்பப்பட்டது.

மக்களுக்கு நச்சுப்புகை பற்றிய அச்சம் வெளிநாட்டிலிருந்து இறக்குமதி ஆகவில்லை. அந்த ஆலையை மூடுமாறு சென்னை உயர்நீதிமன்றம் 2010-இலேயே ஆணையிட்டது. 2013-இல் உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை நீக்கிய போதிலும், சுற்றுச்சூழலுக்கு விளைவித்த கேட்டுக்காக 100 கோடி ரூபாய் செலுத்துமாறு நிறுவனத்துக்கு உத்தரவிட்டது. 2018 மே 28-இல் தமிழ்நாடு அரசு ஆலையை நிரந்தரமாக மூடியது. 2020 ஆகஸ்டில் உயர்நீதிமன்றம் அதை உறுதி செய்தது. 2024 பிப்ரவரி 29-இல் வேதாந்தா நிறுவனத்தின் மேல்முறையீட்டை உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. வெளிநாட்டுப் பணத்தால் தூண்டப்பட்டதாகச் சொல்லப்பட்ட கோரிக்கையைத்தான் நாட்டின் உச்ச நீதிமன்றம் இறுதியில் ஏற்றது.

வெளிநாட்டுப் பணம் என்ற சொல்லை எடுத்துவிட்டதால் இன்னொரு வழக்கையும் நினைவுபடுத்த வேண்டும். ஸ்டெர்லைட் உள்ளிட்ட வேதாந்தா குழும நிறுவனங்களிடமிருந்து நன்கொடை பெற்றதன் மூலம் பாரதிய ஜனதா கட்சியும் காங்கிரசும் வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டத்தை மீறின என்று 2014 மார்ச் 28-இல் டெல்லி உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்தக் குழுமத்தின் தலைமை நிறுவனம் இலண்டனில் இருந்ததே காரணம். பிறகு நடந்தது என்ன? 2016-இன் நிதிச் சட்டத்தின் வழியாக வெளிநாட்டு நிறுவனம் என்பதன் வரையறை முன்தேதியிட்டுத் திருத்தப்பட்டது. 2018-இல் அந்தத் திருத்தத்தின் காலவரம்பு 1976 வரை பின்னோக்கி நீட்டப்பட்டது. கட்சிகளுக்கு இவ்வளவு இளகிய இச்சட்டம் சேரிகளில் பணியாற்றும் அமைப்புகளிடம் இளகவில்லை. குஜராத்தில் மலம் அள்ளும் தொழிலுக்கும் தீண்டாமைக்கும் எதிராகப் பல்லாண்டுகள் உழைத்த நவசர்ஜன் அறக்கட்டளையின் பதிவு 2016 டிசம்பரில் நீக்கப்பட்டது. கூடங்குளத்தில் கடலோர மக்கள் ஆயிரக்கணக்கானோர் மீது தேசத்துரோக வழக்குகள் பதியப்பட்டன. வெளிநாட்டுப் பணம் என்று மேடையில் சொல்வது வெறும் கருத்து அல்ல. அடுத்து வரும் காவல்துறை அறிக்கைக்கும் வங்கிக் கணக்கு முடக்கத்துக்கும் அது முன்னுரை ஆகிவிடுகிறது. மாசுபட்ட குடிநீருக்காகவும் பறிபோன பஞ்சமி நிலத்துக்காகவும் ஊரில் சங்கம் வைத்திருக்கும் எவரும் இதை அறிவர்.

கல்விக்கு வரும்போது உரையின் பாணி மாறுகிறது. 2023 ஆகஸ்ட் 12 அன்று ஆளுநர் மாளிகையில் நீட் தேர்வில் சிறப்பிடம் பெற்ற மாணவர்களைச் சந்தித்த நிகழ்ச்சியில், மாணவி ஒருவரின் தந்தை எழுந்து, நீட் விலக்கு மசோதாவுக்கு எப்போது ஒப்புதல் கிடைக்கும் என்று கேட்டார். தாம் ஒருபோதும் ஒப்புதல் தரப்போவதில்லை என்பது ஆளுநரின் விடை. அந்த மசோதா அப்போது அவரிடம் இல்லவே இல்லை. குடியரசுத் தலைவரிடம் இருந்தது. 2021 செப்டம்பரில் நிறைவேறி, 2022 பிப்ரவரியில் ஆளுநரால் திருப்பி அனுப்பப்பட்டு, சில நாள்களிலேயே சட்டமன்றத்தால் மீண்டும் நிறைவேற்றப்பட்ட மசோதா அது. 1976-இன் 42-ஆவது திருத்தத்தால் கல்வி பொதுப் பட்டியலுக்குப் போனதால், ஒன்றியச் சட்டத்துக்கு முரண்படும் மாநிலச் சட்டத்துக்குக் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் வேண்டும். கையில் இல்லாத அதிகாரத்தை இருப்பதாகக் காட்டிப் பேசியதுதான் அந்த விடையின் விந்தை. குடியரசுத் தலைவர் ஒப்புதல் மறுத்த செய்தி 2025 ஏப்ரல் 4-இல் சட்டமன்றத்தில் அறிவிக்கப்பட்டது.

நீட் வந்த பின்னும் பட்டியல் சாதியினருக்கான 18 விழுக்காடு அப்படியே உள்ளதே, பிறகென்ன குறை என்று கல்லூரி விவாதங்களில் கேட்கப்படுகிறது. இடங்களின் எண்ணிக்கை மாறவில்லை என்பது உண்மை. அந்த இடங்களில் அமர்வோர் யார் என்பது மாறிவிட்டது. பல மாதப் பயிற்சிக்கும், ஓராண்டு வீட்டிலிருந்து மறுமுறை எழுதுவதற்கும் பணம் உள்ள குடும்பத்துக்கே வாசல் திறக்கிறது. அரசுப் பள்ளியில் தமிழ்வழி படித்த கூலித் தொழிலாளியின் பிள்ளை தன் ஒதுக்கீட்டுக்குள்ளேயே பின்னுக்குத் தள்ளப்படுகிறது. நீதியரசர் ஏ.கே. ராஜன் குழு 2021-இல் தரவுகளோடு சொன்னதும் இதைத்தான். அரியலூர் மாவட்டம் குழுமூர் அனிதா பன்னிரண்டாம் வகுப்பில் 1200-க்கு 1176 மதிப்பெண் பெற்றவர். அந்த மதிப்பெண் எண்ணப்பட்டிருந்தால் 2017-இல் அவர் மருத்துவக் கல்லூரிக்குள் நுழைந்திருப்பார்.

பேச்சைப் போலவே மௌனமும் ஆளுநர் மாளிகையின் கருவிதான். இதற்கு எடுத்துக்காட்டு இவருக்கு முன்பிருந்த பன்வாரிலால் புரோகித் காலத்திலிருந்தே கிடைக்கிறது. அரசுப் பள்ளி மாணவர்களுக்கு மருத்துவப் படிப்பில் 7.5 விழுக்காடு உள்ஒதுக்கீடு வழங்கும் மசோதா 2020 செப்டம்பர் 15-இல் நிறைவேறியது. நீட் முடிவுகள் வந்துவிட்டன, கலந்தாய்வு நெருங்கியது, கையெழுத்து வரவில்லை. அன்றைய அ.தி.மு.க. அரசு அக்டோபர் 29-இல் அரசாணையாகவே வெளியிட்டது. மறுநாள் கையெழுத்து வந்தது. அந்த 45 நாள்களில் கையெழுத்தைத் தடுத்த சட்டச்சிக்கல், அரசாணை வந்த ஒரே இரவில் எங்கே போனது? அவ்வாண்டு சுமார் 400 பிள்ளைகளின் இடம் அந்த ஒரு கையெழுத்தில் தொங்கிக் கொண்டிருந்தது.

ஆர்.என். ரவி சாதிக் கொடுமைகள் பற்றியும் அடிக்கடி பேசியுள்ளார். வேங்கைவயலில் குடிநீர்த் தொட்டியில் மலம் கலக்கப்பட்டதைச் சுட்டி மாநில அரசைச் சாடியுள்ளார். சொன்னவர் யார் என்பதற்காக நாம் அதை மறுக்க வேண்டியதில்லை. சமூகநீதி பேசும் அரசின் காவல்துறை, ஈராண்டுக்குப் பின் அதே ஊரின் தலித் இளைஞர்கள் மூவரையே குற்றவாளிகள் ஆக்கியது. அந்த வெட்கக்கேட்டை எந்த ஆளுநரும் கண்டுபிடித்துச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அவர் முன்வைத்த மருந்து எது? 2023 அக்டோபரில் நந்தனார் பிறந்த ஊராகக் கருதப்படும் ஆதனூரில், பட்டியல் சாதியினர் 100 பேருக்குப் பூணூல் அணிவிக்கும் விழாவில் அவர் பங்கேற்றார். அதே ஆண்டு சனவரி 9-இல் சட்டமன்ற உரையைப் படிக்கையில் பெரியார், அம்பேத்கர், காமராசர் ஆகியோரின் பெயர்கள் உள்ள பகுதியைத் தாண்டிச் சென்றவரும் அவரே. வருண அடையாளத்தைத் தருவதற்கு மேடை இருக்கிறது. வருணத்தை ஒழிக்கச் சொன்னவரின் பெயரை வாசிக்க நேரம் இல்லை.

நீதிமன்றத்தின் நிலையும் முடிந்த கதை அன்று. பஞ்சாப் வழக்கில் 2023 நவம்பர் 10-இல், ஒப்புதலை நிறுத்தினால் மசோதாவை அவைக்குத் திருப்பி அனுப்பியே ஆக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. மசோதா செத்துவிடும் என்ற கூற்று அத்தோடு செத்தது. 2025 ஏப்ரல் 8-இல் நீதியரசர்கள் பர்திவாலா, மகாதேவன் அமர்வு தமிழ்நாட்டின் 10 மசோதாக்கள் ஒப்புதல் பெற்றவையாகவே கருதப்படும் என்று தீர்ப்பளித்து, காலவரம்பும் விதித்தது. அவற்றில் பெரும்பாலானவை பல்கலைக்கழகத் துணைவேந்தர் நியமனம் தொடர்பானவை. ஆனால் குடியரசுத் தலைவரின் வினாக்களுக்கு 2025 நவம்பர் 20-இல் விடையளித்த ஐவர் அமர்வு, காலவரம்பு விதிக்கவும், ஒப்புதல் கிடைத்ததாகக் கருதவும் நீதிமன்றத்துக்கு இயலாது என்றது. காரணமின்றி முடிவில்லாது கிடப்பில் போட்டால் மட்டும், ஏதேனும் ஒரு முடிவு எடுக்குமாறு பணிக்கலாம் என்ற சிறு சாளரத்தை அது விட்டு வைத்தது. எத்தனை மாதம் ஆனால் அது முடிவில்லாத தாமதம் ஆகும் என்பதை அந்தக் கருத்துரை வரையறுக்கவில்லை. ஒரு கல்வியாண்டுக்கான மாணவர் சேர்க்கையோ சில வாரங்களில் முடிந்துவிடுகிறது.