கோர்ட் சொல்லியும் செய்யவில்லையா?

பட்டா மாறுதலுக்காகச் செஞ்சி தாலுகா ஆபீஸுக்கு நடையாய் நடந்தீர்கள். கடைசியில் சென்னை உயர் நீதிமன்றம் போய், 'மனுவை 12 வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும்' என்று உத்தரவும் வாங்கிவிட்டீர்கள். கெடு முடிந்தும் பதில் இல்லை. இனி என்ன செய்யலாம்?

நீதிமன்ற அவமதிப்பு வழக்கு (உத்தரவைத் தெரிந்தே மீறியவர்மீது தொடுப்பது) போடலாம். இதற்கென 1971-இல் வந்த தனிச் சட்டம் உண்டு. தாமதம் ஆனது என்று மட்டும் சொன்னால் போதாது. வேண்டுமென்றே மீறினார்கள் என்று காட்ட வேண்டும்.

எப்படிக் காட்டுவது? 'உத்தரவு எங்கள் கைக்கே வரவில்லை' என்பதுதான் முதல் பதிலாக இருக்கும். பல உத்தரவுகளில், நகல் கிடைத்த நாளிலிருந்துதான் கெடுவே தொடங்கும். ஆகவே சான்றிட்ட நகலை, ஒப்புகை (பெற்றுக்கொண்டதற்கான கையெழுத்து) திரும்பி வரும்படி உடனே தபாலில் அனுப்புங்கள்.

வழக்குப் போட்டால் பட்டா கிடைத்துவிடுமா? பலர் ஏமாறுவது இங்கேதான். 'பரிசீலிக்க வேண்டும்' என்றால் 'கொடுக்க வேண்டும்' என்று பொருள் இல்லை. மனுவைப் படித்துக் காரணம் எழுதி நிராகரித்தாலும் அதிகாரி உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தவர்தான். அந்த நிராகரிப்பைத் தனியாகத்தான் எதிர்க்க வேண்டும். எனவே உத்தரவின் கடைசிப் பத்தியை வரி விடாமல் படியுங்கள்.

'அப்பீல் போட்டிருக்கிறோம்' என்று சொன்னால்? அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு வாங்கியிருக்கிறார்களா என்று கேளுங்கள்.

தண்டனை என்ன? 6 மாதம் வரை வெறுங்காவல், 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மனதார மன்னிப்புக் கேட்டால் கோர்ட் விட்டுவிடவும் செய்யலாம். உங்களுக்கு வேண்டியது அதிகாரி சிறைக்குப் போவதல்ல, வேலை முடிவது. நேரில் ஆஜராகச் சொல்லி நோட்டீஸ் போனாலே பெரும்பாலும் கோப்பு நகர்ந்துவிடும். உச்ச நீதிமன்றம் இன்னும் கடுமையாகவும் நடந்திருக்கிறது. ஆந்திராவின் குண்டூரில் உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குடிசைகளை இடித்த தாசில்தார், பிறகு துணை கலெக்டர் ஆனார். 2025 மே மாதம் அவரை மறுபடி தாசில்தாராகவே இறக்கி, 1 லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தது உச்ச நீதிமன்றம்.

மீறியவர் அதிகாரி இல்லை என்றால்? பக்கத்து நிலத்துக்காரர் வரப்பை வெட்டக் கூடாது என்று செஞ்சி முன்சீப் கோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்கியிருக்கிறீர்கள், அவர் வெட்டிவிட்டார். இதற்குச் சென்னைக்கு ஓட வேண்டியதில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆம் கட்டளை, விதி 2ஏ-யின்படி அதே கோர்ட்டில் மனுப் போடுங்கள். அவருடைய சொத்தை ஜப்தி செய்யலாம். 3 மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம். வெட்டிய இடத்தை அன்றே போட்டோ எடுத்து வையுங்கள்.

உயர் நீதிமன்ற அவமதிப்பு வழக்குக்குக் காலக்கெடு, மீறல் நடந்த நாளிலிருந்து 1 வருடம். 'அடுத்த வாரம் வாங்க' என்ற பேச்சை நம்பி அந்த வருடத்தைத் தொலைத்துவிடாதீர்கள்.