மாற்றுச் சக்கரப் பொருத்தம்

மாற்றுச் சக்கரப் பொருத்தம் என்பது ஒரு தானுந்தில் அதன் உற்பத்தியாளர் பொருத்திய சக்கரங்களுக்குப் பதிலாக வேறு சக்கரங்களைப் பொருத்தும்போது, அவை வண்டியின் குடம், நிறுத்தி, தொங்கல் அமைப்பு, மட்கார்டு ஆகியவற்றோடு சரியாக ஒத்துப்போகும் தன்மையைக் குறிக்கும். சக்கரத்தின் விட்டம் ஒன்றாக இருந்தால் போதும் என்பது பரவலான தவறான கருத்தாகும். உண்மையில் துளைவட்ட விட்டம், நடுத்துளை, விலக்கம், நட்டின் இருக்கை வடிவம், புரியிடைவெளி, சுமைத்திறன் ஆகிய அனைத்தும் ஒருங்கே பொருந்த வேண்டும். இவற்றுள் ஒன்று பிழையானாலும் சமவெளியில் மெதுவாகச் செல்லும்போது குறை வெளிப்படாமல் இருக்கலாம். தருமபுரி மாவட்டத்தின் தொப்பூர் கணவாய் போன்ற நீண்ட இறக்கங்களில் அதே குறை ஆபத்தாக மாறக்கூடும். உற்பத்தி நின்றுபோன பழைய தானுந்துகளுக்கு உரிய சக்கரங்கள் எளிதில் கிடைப்பதில்லை என்பதால் அவற்றின் உரிமையாளர்களுக்கு இவ்வளவுகளை அறிவது இன்றியமையாததாகிறது.

சக்கரம் குடத்தில் நிற்கும் முறை

மாட்டுவண்டிச் சக்கரத்தின் நடுவே குடமும், அதிலிருந்து விரியும் ஆரக்கால்களும், வெளியே வட்டையும், அதன் மேல் இரும்புப் பட்டாவும் இருக்கும். தானுந்துச் சக்கரத்திலும் இதே அடிப்படை உள்ளது. வட்டையின் இடத்தில் ரிம்மும், ஆரக்காலின் இடத்தில் வட்டுத் தகடும், பட்டாவின் இடத்தில் டயரும் உள்ளன. ஆனால் மாட்டுவண்டியில் குடம் சக்கரத்தோடு ஒன்றியிருக்க, தானுந்தில் குடம் வண்டியிலேயே நிலையாக இருக்கும். சக்கரம் மட்டும் நான்கு அல்லது ஐந்து நட்டுகளால் அதனோடு இறுக்கப்படுகிறது.

வண்டியின் எடையையும் நிறுத்து விசையையும் திருகுமுளைகளே நேரடியாகத் தாங்குவதாகத் தோன்றும். சரியாக இறுக்கப்பட்ட சக்கரத்தில் அவ்வாறு நிகழ்வதில்லை. நட்டை முறுக்கும்போது திருகுமுளை மிகச் சிறிதளவு நீண்டு, சக்கரத்தைக் குடத்தின் முகத்தோடு பெருவிசையுடன் அழுத்துகிறது. அவ்வழுத்தத்தால் இரு முகங்களுக்கிடையே எழும் உராய்வே பெரும்பகுதிச் சுமையைக் கடத்துகிறது. இவ்வழுத்தம் குறைந்தால் சக்கரம் நுண்ணிய அளவில் அசையத் தொடங்கும். அசைவு நட்டைத் தளர்த்தும். தளர்ச்சி அசைவைப் பெருக்கும். இறுதியில் முளைகள் ஒன்றன்பின் ஒன்றாக முறியக்கூடும். ஆகவே கீழ்க்காணும் அளவுகளுட் பல, இவ்வழுத்தம் குலையாமல் காப்பதற்காகவே கவனிக்கப்படுகின்றன.

முக்கிய அளவுகள்

துளைவட்ட விட்டம்

நட்டுத் துளைகளின் மையங்கள் வழியே செல்லும் கற்பனை வட்டத்தின் விட்டமே துளைவட்ட விட்டம் ஆகும். சந்தையில் இது பி.சி.டி. என்றே அழைக்கப்படுகிறது. துளைகளின் எண்ணிக்கையும் விட்டமும் சேர்த்து எழுதப்படும். இந்தியாவில் விற்கப்பட்ட சில தானுந்துகளின் அளவுகள் வருமாறு:

- மாருதி 800: 4 × 114.3 மி.மீ.
- ஹூண்டாய் சான்ட்ரோ, மாருதி ஸ்விஃப்ட்: 4 × 100 மி.மீ.
- ஃபியட் யூனோ, ஃபியட் பாலியோ: 4 × 98 மி.மீ.
- மாருதி ஜிப்சி: 5 × 139.7 மி.மீ.

நான்கு துளைச் சக்கரத்தில் எதிரெதிர்த் துளைகளின் மையங்களுக்கு இடைப்பட்ட தொலைவை நேரடியாக அளக்கலாம். ஐந்து துளைச் சக்கரத்தில் எதிர்த்துளை இல்லை என்பதால், அடுத்தடுத்த இரு துளைகளின் மையத் தொலைவை அளந்து 0.588 ஆல் வகுக்க வேண்டும். எடுத்துக்காட்டாக, அத்தொலைவு 82.1 மி.மீ. எனில் துளைவட்ட விட்டம் 139.7 மி.மீ. ஆகும்.

மிகவும் ஏமாற்றக்கூடியவை 98, 100 என்னும் நெருங்கிய அளவுகளே. இவற்றுக்கிடையே ஒவ்வொரு துளைக்கும் ஒரு மி.மீ. வேறுபாடு மட்டுமே இருப்பதால், ஒன்றை மற்றொன்றில் வலிந்து பொருத்திவிட முடியும். அவ்வாறு செய்தால் கூம்பு இருக்கையின் ஒரு பக்கம் மட்டுமே தொடும். திருகுமுளைகள் வளையும், நட்டு இறுகியதுபோல் காட்டினாலும் சக்கரம் குடத்தின் முகத்தோடு முழுமையாகப் படியாது.

நடுத்துளை

சக்கரத்தின் மையத்திலுள்ள துளை, குடத்தின் நடுவே புடைத்து நிற்கும் உதட்டின் மேல் அமர்ந்து சக்கரத்தை மையப்படுத்துகிறது. சான்ட்ரோவில் இது 54.1 மி.மீ., பாலியோவில் 58.1 மி.மீ. ஆகும். துளை சிறியதாயின் சக்கரம் உட்காராது. பெரியதாயின் மையம் விலகி, குறிப்பிட்ட வேகத்தில் ஸ்டியரிங் அதிரும். பல வண்டிகளுக்குப் பொதுவாகச் செய்யப்படும் அலாய் சக்கரங்களில் நடுத்துளை பெரிதாக வைக்கப்பட்டிருக்கும். அவற்றுக்கு உரிய உள்வளையத்தைச் செருகி இடைவெளியை நிரப்ப வேண்டும்.

விலக்கம்

ரிம்மின் நடுக்கோட்டிற்கும் குடத்தைத் தொடும் முகத்திற்கும் இடைப்பட்ட தொலைவே விலக்கம் ஆகும். இது மி.மீ. அளவில் ஈ.டி. என்ற எழுத்துகளுடன் சக்கரத்தில் பொறிக்கப்படும். தொடுமுகம் வெளிப்பக்கமாக இருந்தால் விலக்கம் நேர்மம். உட்பக்கமாக இருந்தால் எதிர்மம். முன்சக்கர இயக்கம் கொண்ட தானுந்துகளில் பெரும்பாலும் அதிக நேர்ம விலக்கம் காணப்படும்.

விலக்கத்தை ரிம்மின் அகலத்தோடு சேர்த்தே கணக்கிட வேண்டும். 5 அங்குல அகலமும் 45 மி.மீ. விலக்கமும் கொண்ட சக்கரத்திற்குப் பதிலாக, 6 அங்குல அகலமும் 35 மி.மீ. விலக்கமும் கொண்ட சக்கரம் பொருத்தப்படுவதாகக் கொள்வோம்.

- உள்விளிம்பு: முன்பு 63.5 + 45 = 108.5 மி.மீ.; இப்போது 76.2 + 35 = 111.2 மி.மீ. அதாவது 2.7 மி.மீ. உள்ளே செல்கிறது.
- வெளிவிளிம்பு: முன்பு 63.5 − 45 = 18.5 மி.மீ.; இப்போது 76.2 − 35 = 41.2 மி.மீ. அதாவது 22.7 மி.மீ. வெளியே வருகிறது.

இச்சக்கரம் நிறுத்தப்பட்ட வண்டியில் நன்கு பொருந்தியதாகத் தோன்றலாம். ஐவர் அமர்ந்து, பள்ளத்தில் இறங்கும்போது அது மட்கார்டை உரசக்கூடும். மேலும் சக்கரம் வெளியே தள்ளப்படுவதால் பேரிங்கின் மீது நெம்பு விசை கூடுகிறது, ஸ்டியரிங் கடினமாகிறது.

நட்டு, திருகுமுளை

நட்டின் இருக்கை கூம்பு, கோளம், தட்டை என மூவகைப்படும். ஹோண்டா நிறுவனம் தன் சக்கரங்களில் கோள இருக்கையைப் பயன்படுத்துகிறது; வெளிச்சந்தை அலாய் சக்கரங்களில் கூம்பு இருக்கையே மிகுதி. வடிவம் மாறினால் தொடும் பரப்பு ஒரு மெல்லிய கோடாகச் சுருங்கிவிடும்.

புரியிடைவெளியும் கவனிக்கத்தக்கது. மாருதி தானுந்துகளில் 12 மி.மீ. திருகுமுளையும் 1.25 மி.மீ. புரியிடைவெளியும், ஹூண்டாய் தானுந்துகளில் 12 மி.மீ. திருகுமுளையும் 1.5 மி.மீ. புரியிடைவெளியும் உள்ளன. இரண்டின் நட்டுகளும் கண்ணுக்கு ஒன்றுபோலவே தெரியும். மாற்றிப் போட்டால் ஓரிரு சுற்றுகள் எளிதாக ஏறிப் பின் இறுகும். பெரிய ஸ்பேனரால் வலிந்து திருகினால் புரிகள் சிதையும்.

எஃகுச் சக்கரத்தைவிட அலாய் சக்கரத்தின் தொடுபகுதி தடித்தது. ஆகவே பழைய நட்டு போதிய ஆழம் ஏறாமல் போகலாம். திருகுமுளையின் விட்டத்திற்குக் குறையாத நீளம் நட்டு ஏற வேண்டும் என்பது பொது விதி. அதன்படி 1.5 மி.மீ. புரியில் குறைந்தது 8 முழுச் சுற்றுகளும், 1.25 மி.மீ. புரியில் ஏறத்தாழ 10 சுற்றுகளும் தேவை.

டயரின் விட்டமும் சுமைத்திறனும்

145/70 ஆர்12 என்ற குறியீட்டில் 145 என்பது டயரின் அகலம் (மி.மீ.), 70 என்பது பக்கச்சுவரின் உயரம் அகலத்தில் எத்தனை விழுக்காடு என்பது, ஆர் என்பது ரேடியல் அமைப்பு, 12 என்பது ரிம்மின் விட்டம் (அங்குலம்). பிந்தைய மாருதி 800 வண்டிகளில் இவ்வளவு டயரே பொருத்தப்பட்டது. இதன் மொத்த விட்டம்: 304.8 + (2 × 101.5) = 507.8 மி.மீ.

இதற்குப் பதிலாக 13 அங்குல ரிம்மும் 155/65 ஆர்13 டயரும் பொருத்தினால் மொத்த விட்டம் 531.7 மி.மீ. ஆகும். இது 4.7 விழுக்காடு மிகுதி. வேகமானி 60 கி.மீ. காட்டும்போது வண்டியின் வேகம் முன்பு இருந்ததைவிட 4.7 விழுக்காடு கூடியிருக்கும். அதே வேகத்தில் அதே கியரில் இயந்திரம் சுமார் 4.5 விழுக்காடு குறைவாகச் சுழலும். மொத்த விட்ட வேறுபாட்டை 2 முதல் 3 விழுக்காட்டுக்குள் வைத்திருப்பது நல்லது.

டயரில் அளவைத் தொடர்ந்து வரும் எண் சுமைக் குறியெண் ஆகும். 69 என்பது ஒரு டயர் 325 கிலோகிராம் தாங்கும் என்பதைக் குறிக்கும். மாற்று டயரின் குறியெண் மூல டயரினுடையதைவிடக் குறையலாகாது.

பழைய தானுந்துகளின் தனிச் சிக்கல்கள்

இந்துஸ்தான் மோட்டார்ஸ் நிறுவனத்தின் அம்பாசடர், மாருதி 800 ஆகிய இரண்டின் உற்பத்தியும் 2014ஆம் ஆண்டில் நின்றது. பிரீமியர் பத்மினியின் உற்பத்தி அதற்கு முன்னரே முடிவுற்றது. அம்பாசடரின் 5.90-15, பத்மினியின் 5.20-14 ஆகியவை பழைய குறுக்கிழை டயர் அளவுகளாகும். இவற்றில் முதல் எண் அங்குல அகலம். பக்கச்சுவர் விழுக்காடு குறிக்கப்படுவதில்லை. ரேடியல் டயருக்கு மாறும்போது மொத்த விட்டத்தை ஒப்பிட்டே தேர்வு செய்ய வேண்டும். ஒரே அச்சில் குறுக்கிழை டயரையும் ரேடியல் டயரையும் கலந்து பொருத்துதல் கூடாது.

பழைய ரிம்கள் பலவற்றில் டயரின் ஓரம் நழுவாமல் தடுக்கும் பாதுகாப்பு மேடு இல்லை. அத்தகைய ரிம்மில் டியூப் இல்லாத டயரைப் பொருத்தினால், காற்று குறைந்த நிலையில் வளைவில் திரும்பும்போது டயர் ரிம்மிலிருந்து விலகக்கூடும்.

சென்னை புதுப்பேட்டை போன்ற பழைய உதிரிப்பாகச் சந்தைகளில் வாங்கும் சக்கரங்களில் நட்டு இருக்கை தேய்ந்திருத்தல், துளை நீள்வட்டமாகியிருத்தல், துளையைச் சுற்றி மயிரிழை வெடிப்பு, பற்றவைத்த தடம் ஆகியவை உள்ளனவா என்று பார்க்க வேண்டும். இவற்றுள் ஒன்று இருந்தாலும் அச்சக்கரம் பயன்பாட்டுக்கு உரியதன்று. முந்தைய உரிமையாளர் குடத்தையோ திருகுமுளையையோ மாற்றியிருக்கலாம் என்பதால், வண்டியின் பெயரை மட்டும் நம்பாமல் ஒவ்வோர் அளவையும் வெர்னியர் கொண்டு நேரில் அளப்பதே பாதுகாப்பானது.

மலை இறக்கங்களும் தொப்பூர் கணவாயும்

தேசிய நெடுஞ்சாலை 44 (முன்னர் தேசிய நெடுஞ்சாலை 7) தருமபுரியிலிருந்து சேலம் நோக்கிச் செல்கையில் தொப்பூர் கணவாயில் வளைவுகளுடன் நீண்ட தொலைவு இறங்குகிறது. இப்பகுதி விபத்துகளுக்குப் பெயர்பெற்றது. 2020 டிசம்பரில் சரக்குந்து ஒன்று முன்னே நின்ற பல வாகனங்கள் மீது மோதியதில் நால்வர் உயிரிழந்தனர். இங்கு நிகழும் பெரும் விபத்துகளில் கனரக வாகனங்களே பெரிதும் பேசப்படுகின்றன. எனினும் இறக்கத்தின் இயற்பியல் சிறு தானுந்துக்கும் பொதுவானது.

பயணிகளுடன் 1000 கிலோகிராம் நிறையுள்ள தானுந்து செங்குத்தாக 100 மீட்டர் இறங்கும்போது 1000 × 9.8 × 100 = 9,80,000 ஜூல் ஆற்றல் வெளிப்படுகிறது. இயந்திரமும் காற்றும் தடுப்பது போக எஞ்சியது முழுவதும் நிறுத்திகளில் வெப்பமாகிறது. முழு ஆற்றலும் மொத்தம் 20 கிலோகிராம் நிறையுள்ள வார்ப்பிரும்பு டிரம்களிலும் டிஸ்க்குகளிலும் சேர்வதாகக் கொண்டால் அவற்றின் வெப்பநிலை ஏறத்தாழ 100 பாகை செல்சியசு உயரும். இந்நிலையில் பொருந்தாத சக்கரம் பின்வரும் வழிகளில் தீங்கு செய்கிறது:

- மொத்த விட்டம் கூடினால் இயந்திரத்தின் தடுப்பும் நிறுத்தியின் தடுப்பும் சாலையில் அதே விகிதத்தில் குறைகின்றன.
- குடத்திற்கும் சக்கரத்திற்கும் இடையே தடித்த வண்ணப்பூச்சோ துருவோ இருந்தால், வெப்பத்தாலும் அதிர்வாலும் அப்படலம் நசுங்கி நட்டின் அழுத்தம் தளர்கிறது.
- உட்பக்கம் ஒட்டப்பட்ட சமன் எடைகள் நிறுத்தியின் காலிப்பரை உரசி விழக்கூடும்.
- இடைவெளியைச் சரிக்கட்டச் செருகப்படும் தடித்த வில்லைகள் சக்கரத்தை வெளித்தள்ளி, வளைவில் பேரிங்கின் சுமையைக் கூட்டுகின்றன.

சட்டமும் தரநிலைகளும்

மோட்டார் வாகனச் சட்டம், 1988இன் 52ஆம் பிரிவு, உற்பத்தியாளரின் மூல விவரக்குறிப்புகளிலிருந்து மாறும் வகையில் வாகனத்தை மாற்றியமைப்பதைக் கட்டுப்படுத்துகிறது. இப்பிரிவின் கண்டிப்பை உச்ச நீதிமன்றம் 2019 சனவரியில் அளித்த தீர்ப்பில் உறுதிப்படுத்தியது. இந்தியத் தரநிலைகள் பணியகத்தின் ஐ.எஸ். 15633 பயணியர் தானுந்து டயர்களுக்கு உரியது, ஐ.எஸ். 9436 பயணியர் தானுந்துச் சக்கரங்களுக்கு உரியது. தானுந்து டயரின் மிதிவரி ஆழம் 1.6 மி.மீ.க்குக் குறைந்தால் அதனை மாற்ற வேண்டும்.

தேர்ந்தெடுக்கும் முறை

1. கதவுச் சட்டத்தில் ஒட்டிய சீட்டு அல்லது பயனர் கையேட்டிலிருந்து மூல அளவுகளைக் குறித்துக்கொள்ளல்.
2. குடத்தை நேரில் அளந்து அவற்றோடு ஒப்பிடல்.
3. மாற்றுச் சக்கரத்தில் துளைவட்ட விட்டம், நடுத்துளை, விலக்கம், இருக்கை வடிவம், சுமைத்திறன் ஆகியவற்றைச் சரிபார்த்தல்.
4. குடத்தின் முகத்தைக் கம்பித் தூரிகையால் துரு நீக்கித் துடைத்தல்.
5. டயர் இல்லாத வெறும் ரிம்மை முதலில் பொருத்திக் கையால் சுழற்றி, நிறுத்தியை உரசுகிறதா எனப் பார்த்தல்.
6. நட்டுகளைக் குறுக்கு வரிசையில், சிறிது சிறிதாக, டார்க் ஸ்பேனர் கொண்டு கையேட்டில் கூறிய அளவுக்கு இறுக்கல். 12 மி.மீ. திருகுமுளைகளுக்கு இது பெரும்பாலும் 80 முதல் 110 நியூட்டன் மீட்டர் வரை இருக்கும்.
7. முழுச் சுமையுடன் ஸ்டியரிங்கை இரு பக்கமும் கடைசிவரை திருப்பி உரசலைச் சோதித்தல்.
8. 50 முதல் 100 கி.மீ. ஓடியபின், சக்கரம் ஆறிய நிலையில் நட்டுகளை மீண்டும் சரிபார்த்தல். மலைப் பயணத்திற்கு முன்னரே இதனை முடித்தல் வேண்டும்.

நான்கு சக்கரங்களுக்கும் அலாய் பொருத்தி, ஸ்டெப்னியாகப் பழைய எஃகுச் சக்கரத்தையே வைத்திருப்போர், அதற்குரிய பழைய நட்டுகளையும் வண்டியில் வைத்திருத்தல் அவசியமாகும்.

இவற்றையும் பார்க்கவும்

- டயர்
- வட்டு நிறுத்தி
- தொப்பூர்
- தேசிய நெடுஞ்சாலை 44
- அம்பாசடர் தானுந்து