இருதயம் உடுத்தியிருக்கும் ஆடை

திரு இருதய ஆண்டவரின் படம் இல்லாத கத்தோலிக்க இல்லம் நம்மிடையே அரிது. அப்படத்தில் ஆண்டவரின் இருதயம் முள்முடி சூழ, தீச்சுவாலை மேலெழ, மார்பின் மீது திறந்தே காணப்படுகிறது. ஆயின், இறைவன் மனிதனைப் படைத்தபோது இருதயத்தை அவ்வாறு திறந்து வைக்கவில்லை. ஓர் ஆடை உடுத்தியே மார்பினுள் வைத்தார். அவ்வாடையைப் பற்றி வாசகர்களோடு சிறிது உரையாட விழைகிறோம்.

இருதய உறை என்பது அதன் பெயர். ஹிப்போகிரட்டீசின் பெயரால் வழங்கும் பண்டைக் கிரேக்க நூல்களுள் ஒன்றே, இதனை வழுவழுப்பான மேலாடை என்றும், அதனுள் சிறிது நீர் உண்டு என்றும் குறித்துள்ளது. வெளிப்புறம் நாரினாலாகிய உறுதியான பை. உட்புறம் மெல்லிய சவ்வு ஒன்று இரண்டாக மடிந்து, ஒரு மடிப்பு பையோடும் மறு மடிப்பு இருதயத்தோடும் ஒட்டியிருக்கிறது. காற்றுக் குறைந்த பலூனுக்குள் கைமுட்டியை அழுத்திப் பார்த்தால் இவ்வமைப்பு எளிதில் விளங்கும். மடிப்புகளுக்கு இடையே உள்ள நீர் 15 முதல் 50 மில்லிலிட்டர் வரையே. தேக்கரண்டியால் அளந்தால் மூன்று முதல் பத்துக் கரண்டி. நாளொன்றுக்கு ஏறத்தாழ ஓர் இலட்சம் முறை துடிக்கும் இருதயம் எங்கும் உராய்ந்து புண்படாதிருப்பது இச்சிறு நீரினால்தான்.

இவ்வுறை கீழே உதரவிதானத்தோடும், முன்னே மார்பெலும்போடும், மேலே பெரிய இரத்தக் குழாய்களோடும் பிணைந்துள்ளது. ஆதலால் நாம் புரண்டு படுத்தாலும் இருதயம் தன் இடம் விட்டு அலைவதில்லை. அது அளவு மீறி விரியாதவாறும், அண்டையிலுள்ள நுரையீரலின் நோய் எளிதில் தொற்றாதவாறும் உறை ஓரளவு காக்கிறது.

போர்ச்சேவகன் ஆண்டவரின் விலாவை ஈட்டியால் குத்தியபோது இரத்தமும் நீரும் வெளிவந்ததாக அருளப்பர் எழுதுகிறார். அந்நீர் இருதய உறையிலிருந்தோ, நுரையீரலைச் சூழ்ந்த சவ்விலிருந்தோ வந்திருக்கலாம் என மருத்துவர் சிலர் கருதுவர். திருச்சபையின் தந்தையரோ அதில் ஞானஸ்நானத்தையும் நற்கருணையையும் கண்டனர். இவ்விரண்டும் ஒன்றையொன்று மறுப்பன என்று நாம் எண்ணவில்லை.

உறையின் உறுதியே சில வேளைகளில் உயிருக்கு உலை வைக்கிறது. அது திடீரென விரிந்து கொடுக்காது. காயத்தினால் உள்ளே இரத்தம் விரைந்து கசிந்தால், ஒரு தம்ளர் அளவே போதும். இருதயம் நெருக்குண்டு, தன்னுள் வரும் இரத்தத்தை ஏற்க இயலாமல் தத்தளிக்கும். இதனை ஆங்கிலேய மருத்துவர் ரிச்சர்ட் லோயர் 1669ஆம் ஆண்டிலேயே விளக்கியுள்ளார். ஆனால் அதே நீர் வாரக்கணக்கில் மெல்லச் சேர்ந்தால், உறை இடங்கொடுத்து ஒரு லிட்டரையும் தாங்கும்.

1893ஆம் ஆண்டு சூலை மாதம், அமெரிக்காவின் சிக்காகோ நகரில் ஜேம்ஸ் கார்னிஷ் என்பவர் மார்பில் கத்திக்குத்துடன் கொண்டுவரப்பட்டார். எக்ஸ்-ரே கண்டுபிடிக்கப்படாத காலம். நோய்க்கிருமிகளைக் கொல்லும் இன்றைய மருந்துகளும் இல்லை. கருப்பினத்தவரான டாக்டர் டானியல் ஹேல் வில்லியம்ஸ், இரண்டு ஆண்டுகளுக்கு முன் தாமே நிறுவிய பிராவிடென்ட் மருத்துவமனையில் அவரது மார்பைத் திறந்து, கிழிந்த இருதய உறையைத் தைத்தார். துடித்துக்கொண்டே இருக்கும் ஒன்றின் மேல் ஊசி ஓட்டுவதை எண்ணிப் பாருங்கள்! 51 நாட்களுக்குப்பின் கார்னிஷ் நலமாய் வீடு திரும்பினார்.

நம் நாட்டிலோ இவ்வுறைக்குக் கத்தியைவிடக் கொடிய பகை காசநோய். நம் பங்கைச் சேர்ந்த இளைஞர் ஒருவருக்கு அந்நோய் கண்டது. இரண்டு மாதம் மாத்திரை உண்டார், இருமல் நின்றது, மாத்திரையும் நின்றது. ஓராண்டு கழித்துக் கால்கள் வீங்கின, வயிறு உப்பியது. ஈரல் நோய் என்று கருதி உறவினர் பச்சிலை வைத்தியம் செய்தனர். நாமும் சென்று நோயிற்பூசுதல் அளித்து, மனம் கனத்துத் திரும்பினோம்.

பின்னர் ஒரு மருத்துவர் அவருடைய வயிற்றைவிடக் கழுத்தையே கூர்ந்து நோக்கினார். அங்கே நரம்புகள் கயிறுபோல் புடைத்திருந்தன. எக்கோ முதலிய பரிசோதனைகளில் உண்மை வெளிப்பட்டது. ஈரலில் தொடங்கிய நோய் அன்று அது. காசநோயால் இருதய உறை தடித்து இறுகி, இருதயத்தை விரியவிடாமல் பிடித்திருந்தது. மீண்டும் மாத்திரை தொடங்கப்பெற்று, அறுவையின் மூலம் உறை உரித்தெடுக்கப்பட்டது. உறையின்றியும் இருதயம் இயங்கும் என்பதை அன்றுதான் நாம் அறிந்தோம்.

மூச்சை இழுக்கும்போதும் மல்லாந்து படுக்கும்போதும் மிகுந்து, முன்புறம் குனிந்து அமர்ந்தால் தணியும் நெஞ்சுவலி இவ்வுறையின் அழற்சிக்கு ஓர் அடையாளம். அதனை வாயுவென்று தள்ளிவிடாமல் மருத்துவரிடம் காட்டுவது நலம். காசநோய்க்கான மாத்திரைகள் அரசு மருத்துவ நிலையங்களில் இலவசமாகவே கிடைக்கின்றன. சாதாரணமாக ஆறு மாதம் உண்ண வேண்டும். மருத்துவர் போதும் என்று கூறும்வரை நிறுத்தலாகாது.

அவ்விளைஞர் இப்போது நலமாக வேலைக்குச் செல்கிறார். அவருடைய தாயார் ஞாயிறு திருப்பலி முடிந்ததும் கோயில் வாசலில் நின்று, இருமிக்கொண்டு வருவோரை மறித்து, "மாத்திரையை முடித்தாயா?" என்று கேட்கிறார். சிலர் அவரைக் கண்டதும் பக்கவாயில் வழியே நழுவுகின்றனர். அங்கே நாம் நிற்கிறோம்.