ஆற்றைக் கேட்டுக் கட்டியவர்கள்

வீட்டுக் கடன் பெற வங்கிக்கு வரும் ஒவ்வொரு வாடிக்கையாளரும் அங்கீகரிக்கப்பட்ட கட்டட வரைபடம் ஒன்றைக் கையில் கொண்டுவருகிறார். அதன் ஓரத்தில், கவனித்துப் பார்த்தால் மட்டுமே தெரியும் அளவில், ஒரு பொறியாளரின் கையொப்பம் இருக்கும். வீடு எழும்பிப் புதுமனை புகுவிழாவும் முடிந்த பின்னர் அந்தக் கையொப்பத்தை எவரும் நினைத்துப் பார்ப்பதில்லை. வீடுகளின் கதை இவ்வாறென்றால் நகரங்களின் கதையும் ஏறத்தாழ இதுவே. ஐதராபாத்தைக் கட்டியவர் யார் என்று கேட்டால் குதுப் ஷாக்களின் பெயரும் நிஜாம்களின் பெயரும் உடனே நாவில் எழும். பொருளும் ஆணையும் வழங்கியவர்கள் அவர்கள். வரைபடத்தின் ஓரத்தில் கையொப்பமிட்டவர்கள் வேறு சிலர். அவர்களைத் தேடி நாம் மூசி ஆற்றங்கரைக்குச் சென்றோம்.

நயாபுல் பாலத்தின் நடுவே நின்று மேற்கு நோக்கினால் இரு பெருங்கட்டடங்கள் ஆற்றின் இரு கரைகளிலும் எதிரெதிரே நிற்பதைக் காணலாம். இடப்புறம், தென்கரையில், செந்நிறக் கற்சுவர்களுடன் உயர் நீதிமன்றம். வலப்புறம், வடகரையில், குவிமாடங்கள் சூடிய உஸ்மானியா பொது மருத்துவமனை. சார்மினாரைக் காண விரையும் பயணிகளில் பெரும்பாலோர் இவ்விரண்டையும் கடைக்கண்ணால் பார்த்துவிட்டுக் கடந்து விடுகின்றனர். ஆனால் இவை இங்கே எழுந்ததற்குக் காரணமான நிகழ்ச்சி, அந்நகரம் கண்டவற்றுள் மிகக் கொடியது.

முதல் வரைபடம்

ஐதராபாத்தின் பிறப்பே ஆற்றோடு தொடர்புடையது. கோல்கொண்டாக் கோட்டைக்குள் மக்கள் பெருகி இடம் போதாத நிலையில், மூசியைக் கடந்து செல்ல 1578-இல் ஒரு கல்பாலம் கட்டப்பட்டது. இன்று புரானாபுல் என்று அழைக்கப்படுவது அதுவே. பாலம் முதலில் வந்தது. நகரம் பின்னர் வந்தது. 1591-இல் சுல்தான் முகம்மது குலி குதுப் ஷா புதிய நகரத்திற்கு அடிகோலியபோது, அதன் அமைப்பைத் திட்டமிட்ட பெருமை அவருடைய முதலமைச்சர் மீர் மோமின் அஸ்தராபாதிக்கு உரியதென்று வரலாறு கூறுகிறது.

பாரசீக நாட்டின் அஸ்தராபாத்திலிருந்து வந்த அறிஞர் அவர். நடுவில் சார்மினார், அதிலிருந்து நான்கு திசைகளிலும் பிரியும் நான்கு பெருஞ்சாலைகள் என்பதே அவருடைய திட்டத்தின் உயிர்நாடி. இன்றும் பழைய நகரத்தில் வழி தவறிய ஒருவர் சார்மினாரைத் தேடிப் பிடித்துவிட்டால் எந்தத் திசைக்கும் செல்லலாம். இத்தகைய நகரத்தை வகுத்த அவர், தாம் அமைத்த 'தாயிரா மீர் மோமின்' என்னும் இடுகாட்டிலேயே உறங்குகிறார். சார்மினாருக்கு வருவோரின் கூட்டத்தில் சிறு பகுதியும் அங்கே செல்வதில்லை.

1908, செப்டம்பர் 28

அன்று மூசி ஆறு நகரத்திற்குள் புகுந்தது. ஆற்றின் மேல்பகுதியில் இடைவிடாது பெய்த மழையில் ஏரிகள் ஒன்றன்பின் ஒன்றாக உடைந்தன. மூசியின் வடிநிலத்தில் இருந்த 788 ஏரிகளில் 221 உடைந்ததாகப் பின்னர் கணக்கிடப்பட்டது. மேலுள்ள ஏரியின் நீர் கீழுள்ள ஏரியின் கரையை மோதி உடைக்க, இரண்டின் நீரும் சேர்ந்து அடுத்ததைத் தகர்த்தது. சுமார் 15,000 உயிர்கள் பறிபோயின என்பது மதிப்பீடு. மருத்துவமனை வளாகத்தில் இன்றும் ஒரு முதிய புளியமரம் நிற்கிறது. அன்று அதன் கிளைகளைப் பற்றிக்கொண்டு ஏறத்தாழ 150 பேர் உயிர் பிழைத்தனர்.

பேரிடருக்குப் பின்னர் நிஜாம் அரசு அழைத்தது மோக்ஷகுண்டம் விஸ்வேஸ்வரய்யாவை. பம்பாய் மாகாணப் பணியிலிருந்து ஓய்வுபெற்று ஐரோப்பியப் பயணத்தில் இருந்த அவர், 1909-இல் ஐதராபாத் வந்து சேர்ந்தார். இடிந்த வீடுகளை எவ்வாறு மீண்டும் கட்டுவது என்பதே அங்கு அனைவர் மனத்திலும் இருந்த வினா. அவர் அதற்கு விடை கூறுமுன் மழை அளவுக் குறிப்புகளையும் ஏரிகளின் கணக்கையும் கேட்டார். ஆறு எவ்வளவு நீரைத் தாங்கும், எவ்வளவு நீர் மிகுதியாக வரும் என்று கணக்கிட்டார்.

அவர் அளித்த பரிந்துரை எளிமையானது. நகரத்திற்கு மேலே, மூசியின் குறுக்கே ஒன்றும் அதன் துணையாறான ஈசியின் குறுக்கே ஒன்றுமாக இரண்டு நீர்த்தேக்கங்கள் வேண்டும். ஆறு தாங்கக்கூடிய அளவு நீரே நகரத்திற்குள் வர வேண்டும். மிகுதி மேலே தங்க வேண்டும். நகருக்குள் ஆற்றின் கரைகளை உயர்த்தி அவற்றின் மீது சாலைகளும் பூங்காக்களும் அமைக்க வேண்டும். கழிவுநீருக்குத் தனி வழி வேண்டும்.

1920-இல் உஸ்மான் சாகரும் 1927-இல் ஹிமாயத் சாகரும் நிறைவுற்றன. வெள்ளத்தைத் தடுக்கக் கட்டப்பட்ட இவ்விரு நீர்த்தேக்கங்களும் பல பத்தாண்டுகள் நகரத்தின் தாகத்தையும் தீர்த்தன. இழப்புக்கு அஞ்சிச் செய்த ஏற்பாடு வருவாயாகவும் திரும்பியது என்று வங்கியின் மொழியில் கூறலாம்.

விஸ்வேஸ்வரய்யா பின்னர் மைசூர் திவானாக உயர்ந்து, 1955-இல் பாரத ரத்னா விருதும் பெற்றார். அவர் பிறந்த செப்டம்பர் 15-ஐ நாடு பொறியாளர் தினமாகக் கொண்டாடுகிறது. ஐதராபாத்தின் சொந்த மண்ணிலும் அத்தகைய ஒருவர் உருவானார். மீர் அகமது அலி என்னும் இயற்பெயர் கொண்ட நவாப் அலி நவாஸ் ஜங், இங்கிலாந்தில் பொறியியல் பயின்று திரும்பி, மஞ்சீரா ஆற்றின் குறுக்கே நிஜாம் சாகர் அணையைக் கட்டி 1931-இல் முடித்தார். தெலங்கானா அவருடைய பிறந்த நாளான ஜூலை 11-ஐத் தன் பொறியாளர் தினமாகப் போற்றுகிறது.

கரைகளை அணிசெய்தவர்

ஆறு அடங்கும் என்ற நம்பிக்கை பிறந்த பின்னரே கரைகளில் மாளிகைகள் எழ முடிந்தது. 1911-இல் அரியணை ஏறிய மீர் உஸ்மான் அலி கான், அடுத்த ஆண்டே நகர முன்னேற்ற வாரியத்தை நிறுவினார். 1914-இல் வின்சென்ட் எஷ் என்னும் ஆங்கிலேயக் கட்டடக் கலைஞர் ஐதராபாத் வந்தார். ரயில்வேப் பணிக்காக இந்தியா வந்து, கல்கத்தாவில் விக்டோரியா நினைவு மண்டபத்தின் கட்டுமானத்தை மேற்பார்வையிட்டுப் பெயர் பெற்றிருந்தவர் அவர்.

ஏழு ஆண்டுகளுக்குள் அவருடைய கை நகரத்தின் முகத்தையே மாற்றியது. உயர் நீதிமன்றம், உஸ்மானியா மருத்துவமனை, இன்று சிட்டி காலேஜ் என்று அழைக்கப்படும் பள்ளி, காச்சிகுடா ரயில் நிலையம் ஆகிய நான்கும் அவர் படைப்புகளே. ஆங்கில நாட்டுப் பாணியை இங்கே கொண்டுவந்து நட அவர் விரும்பவில்லை. குவிமாடங்கள், கூர்வளைவுகள், சிறு மண்டபங்கள் ஆகிய இம்மண்ணின் வடிவங்களையே அவர் எடுத்தாண்டார். அதே வேளையில் காச்சிகுடா நிலையத்தில் அன்று புதுமையாயிருந்த கான்கிரீட்டைத் துணிந்து பயன்படுத்தினார்.

சென்னை வாசகர்களுக்கு இப்பாணி அன்னியமன்று. ஹென்றி இர்வின் பணியாற்றிய சென்னை உயர் நீதிமன்றத்தின் செந்நிறக் கோபுரங்களை நாம் நாள்தோறும் காண்கிறோம். அக்கட்டடத்தைக் கட்டி எழுப்பிய ஒப்பந்ததாரர் நம்பெருமாள் செட்டியாரே, கடற்கரைச் சாலையில் அன்றைய மெட்ராஸ் வங்கியின் மாளிகையையும் கட்டினார்.

ஐதராபாத் உயர் நீதிமன்றத்திலும் எஷ் தனித்து நிற்கவில்லை. அதன் வரைபடத்தில் ஜெய்ப்பூரைச் சேர்ந்த சங்கர் லாலின் கையும், கட்டுமானத்தில் உள்ளூர்ப் பொறியாளர் மெஹர் அலி ஃபாஸிலின் கையும் இருந்தன. 1915-இல் தொடங்கிய பணி நான்கு ஆண்டுகளில் முடிந்து, 1920-இல் நீதிமன்றம் திறந்துவைக்கப்பட்டது. பெயர் தெரியாத கற்தச்சர்கள் எத்தனை பேர் என்பதற்குக் கணக்கில்லை. மருத்துவமனை 1925-இல் நிறைவெய்தியபோது எஷ் ஐதராபாத்தை விட்டுச் சென்றிருந்தார்.

உலகைச் சுற்றி வந்த இருவர்

1918-இல் உருது மொழியைப் பயிற்றுமொழியாகக் கொண்டு உஸ்மானியா பல்கலைக்கழகம் பிறந்தது. அதற்கொரு நிலையான வளாகம் அமைக்க வேண்டியிருந்தது. நவாப் ஜைன் யார் ஜங், சையத் அலி ரஸா ஆகிய இரு கட்டடக் கலைஞர்களையும் உலகின் பல்கலைக்கழகங்களைக் கண்டு வருமாறு அரசு 1930-இல் அனுப்பியது. ஐரோப்பாவையும் அமெரிக்காவையும் ஜப்பானையும் கண்ட அவர்கள், எகிப்தில் எர்னஸ்ட் ஜாஸ்பரைச் சந்தித்தனர். கெய்ரோவை அடுத்த ஹீலியோபோலிஸ் நகரில் புகழ்பெற்ற கட்டடங்களை வடித்த பெல்ஜிய நாட்டவர் அவர்.

ஜாஸ்பர் ஐதராபாத் வந்து, தக்காணத்தின் பழங்கட்டடங்களை ஆராய்ந்தார். 1939 டிசம்பரில் திறக்கப்பட்ட கலைக் கல்லூரிக் கட்டடத்தில் அந்த ஆராய்ச்சியின் பயனைக் காணலாம். எல்லோரா, அஜந்தா குடைவரைகளை நினைவூட்டும் தூண்கள் ஒரு புறம். வானளாவிய இஸ்லாமிய வளைவு மறுபுறம். இரண்டையும் பிணைப்பது உள்ளூர் இளஞ்சிவப்புக் கருங்கல். பணி நிறைவடைந்தபோது பொறுப்பு ஜைன் யார் ஜங்கின் கையில் இருந்தது. அவர்களுக்கு அடுத்த தலைமுறையில் லண்டனில் பயின்ற முகம்மது ஃபயாஸுத்தீன், தாகூர் நூற்றாண்டான 1961-இல் திறக்கப்பட்ட ரவீந்திர பாரதி அரங்கத்தை வடித்தார்.

இன்று எழும் வினா

இக்கட்டடங்களின் எதிர்காலம் இன்று உறுதியாக இல்லை. 2020 ஜூலையில் மழைநீர் உட்புகுந்ததைத் தொடர்ந்து உஸ்மானியா மருத்துவமனையின் பழைய கட்டடத்திலிருந்து நோயாளிகள் வெளியேற்றப்பட்டனர். அதை இடிப்பதா, காப்பதா என்ற வழக்கு நீதிமன்றம் வரை சென்றது. 2025-இல் கோஷாமஹாலில் புதிய மருத்துவமனைக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. உயர் நீதிமன்றத்திற்கும் நகரின் புறத்தே புதிய வளாகம் எழுகிறது.

நோயாளிக்கு வசதியான புதிய கட்டடம் வேண்டும் என்பதில் ஐயமில்லை. நூறாண்டுப் பழைமையான கூரைக்குக் கீழே இன்றைய கருவிகளைப் பொருத்துவது எளிதன்று என்று மருத்துவர்கள் கூறுவதையும் நாம் புறக்கணிக்க இயலாது. ஆயினும் பயன்பாடு மாறுவது வேறு, பராமரிப்பு நின்றுபோவது வேறு. ஆண்டுதோறும் செய்ய வேண்டிய சிறு செலவைத் தள்ளிப்போட்டால் அது வட்டியோடு வளர்ந்து ஒருநாள் பெருங்கடனாக வந்து நிற்கும். இதை வங்கி வாடிக்கையாளருக்கு நாம் விளக்க வேண்டியதில்லை.

கட்டடங்களைவிடப் பெரிய வினா நீரைப் பற்றியது. உஸ்மான் சாகர், ஹிமாயத் சாகர் ஆகியவற்றைச் சுற்றிப் பத்து கிலோமீட்டருக்குள் பெருங்கட்டுமானங்களுக்குத் தடை விதித்து 1996-இல் 111-ஆம் எண் அரசாணை பிறந்தது. 2022-இல் அக்கட்டுப்பாட்டைத் தளர்த்த அரசு முடிவெடுத்தது முதல் விவாதம் ஓயவில்லை. அங்கு நிலம் வைத்திருக்கும் உழவர்களுக்குத் தம் நிலத்தின் மதிப்பு உயர வேண்டும் என்ற நியாயமான விருப்பம் உண்டு. நீர் வந்து சேரும் வழிகள் அடைபட்டால் நகரம் மீண்டும் தவிக்கும் என்ற அச்சமும் நியாயமானதே. 2020 அக்டோபர் மழையில் ஐதராபாத்தின் பல குடியிருப்புகள் மூழ்கின. 2015 டிசம்பரில் சென்னை பட்ட துயரமும் நம் நினைவில் இருக்கிறது.

மீர் மோமின் முதல் விஸ்வேஸ்வரய்யா வரை நாம் கண்டவர்கள் மொழியாலும் சமயத்தாலும் பிறந்த நாட்டாலும் வேறுபட்டவர்கள். அவர்கள் காலத்து நகரம் எழுந்தது ஆற்றைக் கடக்க ஒரு பாலமும் ஆற்றை அடக்க இரு நீர்த்தேக்கங்களும் அமைந்த பின்னரே. நிலத்தையும் நீரையும் முதலில் கேட்டறிந்து, அதன் பின்னரே சுவரை எழுப்பும் முறை அது.

சொந்த வீட்டுக்குத் திட்டமிடும் வாசகர்களும் அந்த முறையைக் கைக்கொள்ளலாம். மனை வாங்குமுன் வில்லங்கச் சான்றிதழைப் பார்ப்பது போலவே, அந்த இடம் முன்பு ஏரியாக இருந்ததா, மழைநீர் எந்தத் திசையில் ஓடும், பக்கத்துக் கால்வாய் எங்கே சென்று சேர்கிறது என்பவற்றையும் விசாரியுங்கள். ஊர்ப் பெரியவர்களிடமும் வருவாய்த் துறைப் பதிவேட்டிலும் விடை கிடைக்கும். வரைபடத்தின் ஓரத்தில் கையொப்பமிடும் பொறியாளரிடமும் இவ்வினாக்களைக் கேளுங்கள்.

அடுத்த முறை ஐதராபாத் செல்லும்போது நயாபுல் பாலத்தில் சிறிது நேரம் நில்லுங்கள். இரு கரைகளையும் பார்த்த பின்னர், முடிந்தால் மருத்துவமனை வளாகத்திற்குள் சென்று அந்தப் புளியமரத்தையும் பார்த்துவிட்டு வாருங்கள்.