மூன்று மணிகள், ஒரு மறுப்பு

கற்பனை உலகங்கள் – 9

ஜே. ஆர். ஆர். டோல்கீனின் மிடில் எர்த் உலகம் எப்படி உருவானது என்று சென்ற வாரம் பார்த்தோம். அந்த உலகம் என்றதும் பலருக்கு நினைவில் வருவது 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலின் மோதிரம்தான். ஆனால் அந்த மோதிரம் வார்க்கப்படுவதற்கு ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன்பே, மூன்று மணிகளுக்காக அங்கே ரத்த ஆறு ஓடிவிட்டது. அவற்றின் பெயர் சில்மரில். டோல்கீன் மறைந்து 4 ஆண்டுகளுக்குப் பிறகு, 1977-ல் அவருடைய மகன் கிறிஸ்டோபர் தொகுத்து வெளியிட்ட 'தி சில்மரில்லியன்' நூலின் உயிர்நாடி இந்த மணிகளின் கதைதான்.

சூரியனும் சந்திரனும் தோன்றாத காலம். வாலார் எனப்படும் தெய்வசக்திகள் வாழ்ந்த வாலினோர் நாட்டுக்கு இரண்டு மரங்கள் ஒளி தந்தன. டெல்பெரியன் வெள்ளியாய் ஒளிர்ந்தது, லாரெலின் பொன்னாய் ஒளிர்ந்தது. எல்ஃப் இளவரசன் ஃபெயனோர் கைவினையில் நிகரற்றவன். இந்த ஒளியை அழியாமல் காக்க வேண்டும் என்ற எண்ணம் அவனுக்கு வந்தது. எதனாலும் உடைக்க முடியாத ஒரு படிகத்தை உருவாக்கி, இரு மரங்களின் கலந்த ஒளியை அதற்குள் நிறைத்தான். ஆழ்ந்த இருட்டறையில் வைத்தாலும் அந்த மணிகள் தாமாகவே சுடர்விட்டன. விண்மீன்களின் அரசியான வார்தா அவற்றைப் புனிதமாக்கினாள். தீயவர்களோ, அழுக்குப் படிந்த கைகளோ, சாகும் மனித உடலோ தொட்டால் அவை சுட்டுவிடும்.

நாளாக ஆக ஃபெயனோரின் மனம் மாறியது. விழா நாட்களில் நெற்றியில் அணிந்து வலம் வந்தவன், பிறகு தன் தந்தையையும் ஏழு மகன்களையும் தவிர யார் கண்ணிலும் படாதபடி அவற்றைப் பூட்டி வைத்தான். படிகத்தைச் செய்தது அவன்தான். உள்ளே இருந்த ஒளி அவன் செய்ததல்ல. அதை அவன் மெல்ல மெல்ல மறந்தான்.

இங்கேதான் கதை இறுகுகிறது. மெல்கோர் என்னும் தீயசக்தி, உங்கோலியான்ட் என்ற ராட்சதச் சிலந்தியைக் கூட்டிக்கொண்டு வந்து இரண்டு மரங்களையும் கொன்றுவிடுகிறது. உலகம் இருள்கிறது. மரங்களைப் படைத்த யவான்னா, மணிகளுக்குள் இருக்கும் ஒளி சிறிது கிடைத்தால் மரங்களை உயிர்ப்பித்துவிடலாம் என்கிறாள். அதற்கு மணிகளை உடைக்க வேண்டும். இப்படி ஒன்றை என்னால் இன்னொரு முறை செய்ய முடியாது, இதை உடைத்தால் என் நெஞ்சும் உடைந்துவிடும் என்கிறான் ஃபெயனோர். தர மறுக்கிறான். அதன் பிறகு ஓலமிட்டபடி தூதர்கள் ஓடி வருகிறார்கள். மெல்கோர் அவன் தந்தையைக் கொன்று மணிகளைக் கவர்ந்து போய்விட்டது!

அவன் சம்மதித்திருந்தாலும் மரங்கள் பிழைத்திருக்காது. கொடுப்பதற்கு மணிகளே இல்லை. ஆனாலும் முதலில் அவன் சரி என்று சொல்லியிருந்தால் அவனுடைய பிற்காலச் செயல்கள் வேறாக இருந்திருக்கலாம் என்கிறார் டோல்கீன். விளைவு எதையும் மாற்றாத ஒரு பதிலும் பதில் சொன்னவனை மாற்றிவிடும். அந்த நூலில் என்னை மிகவும் உலுக்கிய இடம் இதுதான்.

ஃபெயனோரும் மகன்களும் கொடிய சபதம் ஒன்றை எடுக்கிறார்கள். மணிகளை யார் வைத்திருந்தாலும், நல்லவரோ கெட்டவரோ, அவர்களை விடமாட்டோம் என்பது சபதம். அதற்காக முதலில் கொல்லப்பட்டவர்கள் கப்பல் தர மறுத்த அவர்களுடைய சொந்த இனத்தவர்கள். மூன்று முறை எல்ஃப் ரத்தத்தை எல்ஃப்களே சிந்தினார்கள்.

இதற்கு நேர் எதிராக இன்னொரு கை வருகிறது. எல்ஃப் இளவரசி லூத்தியனை மணக்க விரும்பிய மனிதன் பெரெனிடம், ஒரு சில்மரிலைக் கொண்டுவா என்று பெண்ணின் தந்தை கேட்கிறார். இருவரும் சேர்ந்தே போகிறார்கள். மெல்கோரின் இரும்புக் கிரீடத்திலிருந்து ஒரு மணியைப் பெயர்த்து எடுக்கிறான் பெரென். சாகும் மனிதனின் அந்தக் கையை மணி சுடவில்லை. இந்தக் காதல் கதைக்கு விதை டோல்கீனின் மனைவி எடித். 1917-ல் யார்க்‌ஷயரின் ஒரு மரச்சோலையில் எடித் தனக்காக ஆடியதை அவர் கடைசிவரை மறக்கவில்லை. ஆக்ஸ்ஃபோர்டில் இருவரும் துயிலும் கல்லறையில் அவர்களுடைய பெயர்களுக்குக் கீழே லூத்தியன், பெரென் என்று பொறிக்கப்பட்டிருக்கிறது.

மெல்கோருக்கு எதிரான பெரும்போரின் முடிவில் மற்ற இரண்டு மணிகளும் மீட்கப்பட, ஃபெயனோரின் எஞ்சியிருந்த இரண்டு மகன்கள் அவற்றைத் திருடுகிறார்கள். தந்தை செய்த மணி மகன்களின் கையைச் சுடுகிறது. செய்த பாவங்களால் உரிமை போய்விட்டது. வேதனை தாளாமல் மைத்ரோஸ் மணியோடு நெருப்புப் பிளவில் குதிக்கிறான். மாக்லோர் தன் மணியைக் கடலில் எறிகிறான். பெரென் கொண்டுவந்த மணியோ, எல்ஃப், மனிதர் என இரு இனங்களுக்கும் உதவி கேட்டு வாலினோர் போன எயாரெண்டிலின் நெற்றியில் ஒளிர்ந்து, அவனுடைய கப்பலோடு வானில் ஏறி விடிவெள்ளியானது. பூட்டி வைத்தவர்களுக்கு மிஞ்சாத மணி எல்லோருக்கும் பொதுவானது.

பதிப்பாசிரியர் மில்டன் வால்ட்மனுக்கு 1951-ல் எழுதிய நீண்ட கடிதத்தில் இந்த ஆபத்தை டோல்கீனே விளக்குகிறார். படைப்பாளி தன் படைப்பின் மீது அதீதப் பற்று வைத்து, அதற்குத் தானே அதிபதி என்று நினைக்கத் தொடங்கும் இடத்தில் வீழ்ச்சி தொடங்குகிறது என்பது அவர் கருத்து. எயாரெண்டில் பற்றிய முதல் கவிதையை அவர் எழுதியது 1914-ல், 22 வயதில். அதன் பிறகு ஆயுள் முழுக்கத் திருத்தியும் இந்தக் கதைத்தொகுதி முடியவில்லை. ஃபெயனோரின் வலி அவருக்கு அந்நியமானதல்ல. அதனால்தான் அவனை வெறும் பேராசைக்காரனாக அவர் வரையவில்லை. தன் உழைப்பை நேசிப்பது குற்றமல்ல, அந்த உழைப்புக்குள் வந்து சேர்ந்த ஒளி எங்கிருந்து வந்தது என்பதை மறப்பதே குற்றம் என்று அவன் கதை நமக்குச் சொல்கிறது.

(அடுத்த வாரம்: எயாரெண்டிலின் ஒளி ஒரு சிறு கண்ணாடிக் குப்பியில் அடைபட்டு, ஃப்ரோடோவின் கைக்கு வந்த கதை)