இளவரசனாக நடித்த "துரோகி"!
ரஷ்ய நடிகரின் திடுக்கிடும் வாழ்க்கை

சினிமாவிலே டென்மார்க் இளவரசன். நிஜத்திலோ, பெரிய ஊர் பக்கமே தலைகாட்ட முடியாமல் ஒதுங்கி வாழ்ந்த மனிதர்!

அவர்தான் ரஷ்ய நடிகர் இன்னகெந்தி ஸ்மக்துனோவ்ஸ்கி.

சைபீரியாவில் ஒரு கிராமத்தில் 1925-ம் ஆண்டு பிறந்தவர். 2-வது உலகப்போரில் பட்டாளத்தில் சேர்ந்தார். குண்டு மழைக்கு நடுவே தினீப்பர் ஆற்றைக் கடந்ததற்காக அவருக்குப் பதக்கம் அறிவித்தார்கள்.

பதக்கம் கைக்கு வரவில்லை. அதற்குள், 1943 டிசம்பரில் ஜெர்மன் படையிடம் சிக்கிக்கொண்டார்!

தப்பி ஓட்டம்

ஒரு மாதம் கைதி. கைதிகளை நடத்திக் கூட்டிப்போகும்போது, கொட்டும் பனியில் நழுவி, பாலத்துக்கு அடியில் பதுங்கிவிட்டார். உக்ரேன் நாட்டுக் குடும்பம் ஒன்று வீட்டில் மறைத்து வைத்துக் காப்பாற்றியது. மீண்டும் துப்பாக்கி தூக்கி, யுத்தம் முடியும்வரை சண்டை போட்டார்.

அப்படியும் பழி போகவில்லை. எதிரியிடம் சரண் அடைந்தவன் துரோகி என்று 1941-ல் ஸ்டாலின் உத்தரவு போட்டிருந்தார். அதனால் கைதியாகி மீண்டவர்கள் மேலே எல்லாம் சந்தேகக் கண்!

ஆகவே 1946-ல், வட துருவத்தை ஒட்டிய நோரில்ஸ்க் நகருக்குப் போனார். சிறைக்கைதிகளைக் கொண்டு கட்டிய ஊர் அது. அங்கே நாடகங்களில் நடித்தார். அரசியல் காரணத்துக்காக அங்கே நாடு கடத்தப்பட்டிருந்த நடிகர் கியோர்கி ஷ்ஷோனவ் அவருக்கு நண்பரானார்.

கதவைச் சாத்தினார்கள்

1955-ல் மாஸ்கோ வந்தார். நாடகக் கம்பெனிகள் கதவைச் சாத்தின. 1957-ல் லெனின்கிராட் டைரக்டர் தவ்ஸ்தனோகவ்தான் "அசடன்" நாடகத்தில் கதாநாயகன் வேஷம் கொடுத்தார். ஒரே நாடகத்தில் ஊரே பேசியது! அப்போது அவருக்கு வயது 32.

1964-ல் "ஹாம்லெட்" படம் வந்தது. டைரக்டர் கோசின்த்சேவ். அதில் இளவரசனாக நடித்தவர் இவரே. படத்துக்கு வெனிஸ் விழாவில் பரிசு. 1965-ல் நாட்டின் உயர்ந்த லெனின் பரிசு இவருக்கு! துரோகி என்று சந்தேகப்பட்ட அதே அரசாங்கம் கொடுத்தது.

நல்ல திருடன்

1966-ல் "கார் ஜாக்கிரதை" படம். அதில் இவர் கார் திருடன். ஆனால் லஞ்சப் பேர்வழிகளின் காரைத்தான் திருடுவார். விற்ற பணத்தை அனாதை இல்லங்களுக்கு அனுப்பிவிடுவார்! ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

மோட்டார் சைக்கிளில் அந்தத் திருடனை விரட்டும் போக்குவரத்துப் போலீசாக நடித்தவர் யார் தெரியுமா? நோரில்ஸ்க் நண்பர் ஷ்ஷோனவ்! அரசாங்கம் ஒதுக்கிய இருவரையும் ஒரே திரையில் பார்த்து நாடே கைதட்டியது.

அந்தப் பழைய பதக்கம்? 49 வருஷம் கழித்து, மாஸ்கோவில் நாடக மேடையிலேயே கொடுத்தார்கள். 1994 ஆகஸ்டில் அவர் காலமானார்.