கால் மரத்துப்போகுதா? வலி இல்லைன்னு விட்டுடாதீங்க... நரம்பு பாதிப்பின் அறிகுறிகளும் காரணங்களும்!

செருப்பு கழன்று விழுந்ததே தெரியவில்லை, காலில் முள் குத்தியும் உறைக்கவில்லை... இப்படி யாராவது சொன்னால் சாதாரணமாகக் கடந்துபோகாதீர்கள். இது ‘பெரிஃபெரல் நியூரோபதி’ எனப்படும் புற நரம்பு பாதிப்பாக இருக்கலாம்.

புதுச்சேரிக்காரர்கள் இதைக் கூடுதலாகக் கவனிக்கணும். 2023-ல் வெளியான ஐ.சி.எம்.ஆர் ஆய்வின்படி, இங்கு 20 வயதுக்கு மேற்பட்டவர்களில் 26.3 சதவீதம் பேருக்குச் சர்க்கரை நோய் இருக்கிறது. அதாவது, நான்கில் ஒருவருக்கு. நாட்டிலேயே கோவாவுக்கு (26.4%) அடுத்த இடம். புற நரம்பு பாதிப்புக்கு முக்கியக் காரணமும் இந்த சுகர்தான்.

புற நரம்பு என்றால் என்ன?

மூளை, தண்டுவடத்திலிருந்து கை, கால், உள் உறுப்புகளுக்குச் செல்லும் நரம்புகள்தான் புற நரம்புகள். ரத்தத்தில் சர்க்கரை பல வருஷம் அதிகமாகவே இருந்தால், இந்த நரம்புகளும் அவற்றுக்கு ரத்தம் கொண்டுபோகும் நுண்ணிய குழாய்களும் சேதமாகும். நீளமான நரம்புகள் முதலில் அடிவாங்கும். அதனால்தான் பிரச்னை கால் விரலில் தொடங்கி மெல்ல மேலே ஏறுகிறது.

அறிகுறிகள் என்னென்ன?

* பாதத்தில் எரிச்சல், ஊசி குத்துற மாதிரி உணர்வு, ராத்திரியில் அதிகமாகும்
* கால் மதமதன்னு இருப்பது, பஞ்சு மேல நடக்குற மாதிரி இருப்பது
* சூடு, குளிர் தெரியாமல் போவது
* தசை பலவீனம், நடையில் தடுமாற்றம்
* எழுந்து நின்றதும் தலைசுற்றல், வியர்வையில் மாற்றம்

வலி போனால் நல்லதுதானே?

இல்லை, அங்கேதான் ஆபத்தே! எரிச்சல் நின்றதும் ‘சரியாயிடுச்சு’ என்று பலர் நினைக்கிறார்கள். நரம்பு உணர்வை இழந்தாலும் எரிச்சல் நிற்கும். வேலூர் சி.எம்.சி-யில் தொழுநோயாளிகளுக்குச் சிகிச்சையளித்த டாக்டர் பால் பிராண்ட், இதை அன்றே எடுத்துச் சொன்னார். விரல்கள் தானாக அழுகி விழுவதில்லை. வலி தெரியாததால் ஏற்படும் தீக்காயமும் புண்ணும்தான் விரல்களைப் பறிக்கின்றன என்றார். சுகர் நோயாளியின் காலிலும் இதே கதைதான்.

சுகர் மட்டும்தான் காரணமா?

வைட்டமின் பி12 குறைபாடு, மது, தைராய்டு, சிறுநீரகக் கோளாறு, தொழுநோய், விபத்துக் காயம், சில காசநோய் மற்றும் புற்றுநோய் மருந்துகளும் காரணமாகலாம். மெட்ஃபார்மின் மாத்திரையை வருஷக்கணக்கில் எடுப்பவர்களுக்கு பி12 குறையலாம். ஆனால் மாத்திரையை நீங்களாக நிறுத்தாதீர்கள், டாக்டரிடம் கேளுங்கள். தோலில் உணர்ச்சியற்ற வெளிர் தேமல் இருந்தால் தொழுநோய்ப் பரிசோதனை அவசியம். அதற்கான சிகிச்சை அரசு மருத்துவமனைகளில் இலவசம்.

எப்போது உடனே ஓடணும்?

சில நாட்களிலேயே இரண்டு கால்களும் பலமிழந்து, பலவீனம் மேலே ஏறினால் அது ‘கீலன் பாரே’ நோயாக இருக்கலாம். 2025 ஜனவரியில் புனேவில் பலரைப் பாதித்தது இதுதான். மூச்சு விடுவதையே பாதிக்கும் என்பதால் தாமதிக்கக் கூடாது. திடீரென ஒரு பக்கம் மட்டும் மரத்து, வாய் கோணினால் அது பக்கவாதமாக இருக்கலாம். உடனே 108-ஐ அழையுங்கள்.

என்ன செய்யலாம்?

பாதத்தில் மெல்லிய நைலான் இழையை அழுத்தி, உணர்வு தெரிகிறதா என்று பார்ப்பது எளிய சோதனை. சுகர் இருப்பவர்கள் வருஷத்துக்கு ஒருமுறையாவது கால் பரிசோதனை செய்துகொள்ளணும். புதுச்சேரி, கடலூர், விழுப்புரம் பகுதி மக்களுக்குக் கோரிமேடு ஜிப்மரில் நரம்பியல் பிரிவு இருக்கிறது.

வீட்டில் தினமும் பாதத்தைப் பாருங்கள். குனிய முடியாவிட்டால் கண்ணாடி வைத்துப் பாருங்கள். செருப்பைத் தட்டிவிட்டுப் போடுங்கள். மத்தியான வெயிலில் கோயில் பிராகாரத்தில் வெறுங்காலோடு சுற்ற வேண்டாம்; காலையிலோ மாலையிலோ போங்கள். வெந்நீரில் காலை வைக்கும் முன், உணர்வு நன்றாக இருக்கும் வேறொருவரைத் தொட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.

சேதமான நரம்பு முழுசா திரும்புவது கடினம். ஆனால் சீக்கிரம் கண்டுபிடித்து சுகரைக் கட்டுக்குள் வைத்தால், பாதிப்பு மேலே ஏறுவதைத் தாமதப்படுத்தலாம், காலையும் காப்பாற்றலாம்.